கற்பித்தலே காத்தல்

பொன்னையும் மணியையும் பேழையில் பூட்டிக் காக்கலாம்; கலையை அவ்வாறு காத்தல் இயலாது. ஆடுவார் ஓய்ந்தால் ஆடலும் ஓயும். பாடுவார் மறைந்தால் பாடலும் மறையும். கற்பாருக்குக் கற்பிப்பதே கலையைக் காக்கும் வழி. இவ்வுண்மைக்குச் சான்றாக விளங்குவது சென்னைக் கலாச்சேத்திரம்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், சதிர் என வழங்கிய ஆடற்கலை பெரும் இடருக்கு உள்ளாகியிருந்தது. கோயில்களிலும் அரசவைகளிலும் அதனைப் பேணி வளர்த்தோர் தேவரடியார் மரபு மகளிரும் நட்டுவனார்களுமே ஆவர். பெண்களுக்குப் பொட்டுக் கட்டும் வழக்கத்தை ஒழிக்க எழுந்த இயக்கம் நேரியதே. 1947-ஆம் ஆண்டில் சென்னை மாகாணத்தில் அதற்குச் சட்டமும் இயற்றப்பட்டது. எனினும், அவ்வழக்கத்தின்மீது எழுந்த பழி, கலையின்மீதும் அதனைக் காத்த மகளிர்மீதும் படிந்தது.

இந்நிலையில்தான், 1904-இல் மதுரையில் பிறந்த ருக்மிணி தேவி, பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் ஆடல் பயின்று, 1935-இல் அடையாற்றில் மேடை ஏறினார். மறு ஆண்டே, கணவர் ஜார்ஜ் அருண்டேலின் துணையுடன் கலைப்பள்ளி ஒன்றைத் தொடங்கினார். அதுவே பின்னர்க் கலாச்சேத்திரம் எனப் பெயர் பெற்றது.

கட்டடத்தைவிட ஆசிரியரே முதன்மை என்பதை அவர் நன்குணர்ந்திருந்தார். மரபுவழி வந்த மயிலாப்பூர் கௌரி அம்மாள் அபிநயம் கற்பித்தார். டைகர் வரதாச்சாரியார், பாபநாசம் சிவன், மைசூர் வாசுதேவாச்சாரியார் முதலிய இசைப் பேரறிஞர்களும் அங்குப் பணியாற்றினர். 1944-இல் குற்றாலக் குறவஞ்சி நாட்டிய நாடகமாக உருப்பெற்றது. ஆடலுக்கும் இசைக்கும் துணையாக, கைத்தறி நெசவும் கலம்காரியும் வளாகத்தில் இடம்பெற்றன. 1962-இல் பள்ளி திருவான்மியூருக்கு இடம்பெயர்ந்தது. 1993-இல் இந்திய நாடாளுமன்றம் தனிச்சட்டம் இயற்றி, அதனை நாட்டின் முதன்மை வாய்ந்த நிறுவனமாக அறிவித்தது.

இவ்வரலாற்றுக்கு மறுபக்கமும் உண்டு. ருக்மிணி தேவி சிருங்காரச் சுவையைக் குறைத்துப் பக்தியை மேலோங்கச் செய்தார். மரபில் வந்த பாலசரசுவதியோ, சிருங்காரமே இக்கலையின் உயிர்நிலை என வாதிட்டார். கலை நன்மதிப்புப் பெற்று மேடை ஏறிய காலத்தில், தலைமுறை தலைமுறையாக அதனைக் காத்த குடும்பத்து மகளிர் பலர் மேடையை இழந்தனர். கலையைக் காத்த பெருமையைப் பேசுங்கால், இவ்விழப்பை மறைத்தல் வரலாற்று நேர்மை ஆகாது.

ஆயினும், நட்ட விதை கடல் கடந்தும் முளைத்தது. கலாச்சேத்திரத்தில் பயின்ற நீலா சத்தியலிங்கம், தம் கணவருடன் 1977-இல் சிங்கப்பூரில் அப்சரஸ் ஆர்ட்ஸ் என்னும் நடன அமைப்பை நிறுவி, பல தலைமுறை மாணவர்களை உருவாக்கினார். நட்டுவனாரிடமிருந்து ருக்மிணி தேவிக்கும், அவர் பள்ளியிலிருந்து சிங்கைச் சிறாருக்கும் அக்கலை கைமாறி வந்துள்ளது.

கலை வாழ்வது காப்பகத்தில் அன்று. ஆசிரியர் முன் அமர்ந்திருக்கும் மாணவரிடத்தில்தான். அம்மாணவருக்குக் கலையைக் கற்பிக்குங்கால், அதனைக் காத்துத் தந்தோரின் பெயர்களையும் சேர்த்துக் கற்பித்தல் ஆசிரியர் கடனாகும்.