ஓஷின் பார்த்த காலம்



சின்ன வயது டீவி நினைவு என்ன என்று ஜப்பானியரிடம் கேட்டால் பலர் 'சசாயே சான்' என்பார்கள். 1969 ஒக்டோபரில் தொடங்கிய குடும்பக் கார்ட்டூன். இன்றும் ஞாயிறு மாலைகளில் போகிறது. அந்த வீட்டில் யாருக்கும் வயது ஏறுவதே இல்லை. கண்டிப் பக்கம் ஐம்பது தாண்டியவர்களிடம் கேட்டுப் பாருங்கள், 'ஓஷின்' என்பார்கள்.

1942 ஏப்ரலில் கொழும்பிலும் திருகோணமலையிலும் குண்டு போட்டது ஜப்பான். 1944இல் ஜப்பானுக்கு எதிரான போரை மவுண்ட்பேட்டன் நடத்தியது நம் பேராதனைப் பூந்தோட்டத்தில் இருந்துதான். 1951இல் சான் பிரான்சிஸ்கோ மாநாட்டில் ஜே.ஆர். ஜயவர்தன, எங்களுக்கு நட்டஈடு வேண்டாம் என்றார். 1982 பெப்ரவரி 15இல் ரூபவாஹினி தொடங்கியது ஜப்பானின் நன்கொடையில். பிதுருதலாகலை உச்சியில் இருந்து வந்த படத்துக்காக வீட்டுக் கூரைகளில் அன்டனா முளைத்தது.

அந்த டீவியில்தான் ஓஷின் வந்தாள். சுகாகோ ஹஷிதா எழுதிய நாடகம். ஜப்பானில் 1983-84இல் 297 பகுதிகள், ஒவ்வொன்றும் 15 நிமிஷம். ஏழு வயதுப் பிள்ளையை ஒரு மூட்டை அரிசிக்காகப் பிள்ளை தூக்கும் வேலைக்கு அனுப்பி விடுகிறார்கள். இங்கே அவள் சிங்களம் பேசினாள். பாஷை சரியாக விளங்காத உம்மாமாரும் அழுதார்கள். டீவி இல்லாதவர்கள் பக்கத்து வீட்டில் போய்ப் பாயில் இருந்து பார்த்தார்கள். இனம், மதம் பார்க்காமல் எல்லோரும் ஒரே பிள்ளைக்காக அழுத காலம் அது.

ஆனால் இன்னொரு விஷயத்தையும் சேர்த்தே நினைக்க வேண்டும். அந்தக் காலத்தில் கண்டி, கட்டுகஸ்தோட்டை, கம்பளை வீடுகள் பலவற்றில் தேயிலைத் தோட்டத்து லயங்களில் இருந்து வந்த சின்னப் பிள்ளைகள் வேலைக்கு நின்றார்கள். வீட்டார் கதிரையில் இருந்து பார்த்த அதே நாடகத்தை அவர்கள் குசினிக் கதவோரத்தில் நின்று பார்த்தார்கள். ஓஷின் வளர்ந்து, கடை வைத்து, பாட்டியாகும் வரை கதை போனது. கதவோரத்துப் பிள்ளையின் கதையை யாரும் எழுதவில்லை.

பிறகு சட்டம் வந்தது. 1998இல் 14 வயது வரை பாடசாலை கட்டாயமானது. 2021இல் வேலைக்குச் சேர்க்கும் வயது 16 ஆனது. ஆனாலும் வகுப்பு இடாப்பில் ஒரு பெயருக்கு நேரே தொடர்ந்து வரவில்லை என்று விழும்போது, அந்தப் பிள்ளை எங்கே என்று ஊரும் விசாரிக்க வேண்டும்.

இன்று இரவு உங்கள் உம்மாவிடம் ஓஷின் பற்றிக் கேளுங்கள். கூடவே, கதவோரத்தில் நின்று பார்த்த பிள்ளையின் பெயர் நினைவிருக்கிறதா என்றும் கேளுங்கள்.