ஆஜராகாமையும் கிரிமினல் அப்பீலும்

சிவில் வழக்கில் அப்பீல் செய்தவர் விசாரணைத் தினத்தில் ஆஜராகாவிட்டால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளையிலுள்ள 17-ஆம் விதிப்படி, அக்காரணம் பற்றியே அப்பீலைத் தள்ளுபடி செய்யக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. போதிய காரணம் காட்டினால் 19-ஆம் விதியின்கீழ் அதனை மீண்டும் ஏற்கவும் இடமுண்டு. கிரிமினல் அப்பீலின் நியதியோ இதற்கு நேர்மாறானது. 1973-ஆம் ஆண்டின் குற்ற நடைமுறைச் சட்டத்திலிருந்த 385, 386-ஆம் பிரிவுகளும், 2024 ஜூலை முதல் அவற்றின் ஸ்தானத்தில் நிற்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதையின் 426, 427-ஆம் பிரிவுகளும், விசாரணைக்கு ஏற்கப்பட்ட அப்பீலில் கீழ்க்கோர்ட்டின் தஸ்தாவேஜுகளைப் பார்வையிட்டு, ஆஜராகும் கட்சிக்காரர் அல்லது வக்கீலின் வாதத்தையும் கேட்டு முடிவு செய்ய வேண்டும் என்று விதிக்கின்றன. வாதிப்பது ஆஜராவோரின் உரிமை. தஸ்தாவேஜுகளைப் படிப்பது, எவர் வந்தாலும் வராவிட்டாலும், நீதிபதியின் கடமை. ஒருவர் தம் உரிமையைக் கைவிட்டதனால் மற்றவரின் கடமை அற்றுப்போவதில்லை என்பதே என் துணிபு.

ஆயினும் நியாயஸ்தலங்கள் இந்நெறியில் எப்போதும் உறுதியாக நின்றன என்று சொல்வதற்கில்லை. 1971-இல் சியாம் தேவ் பாண்டே வழக்கில், வக்கீல் வராத நிலையில் கீழ்க்கோர்ட்டின் தீர்ப்பை மட்டும் படித்து அப்பீலைத் தள்ளிய பாட்னா ஹைக்கோர்ட்டின் உத்தரவைச் சுப்ரீம் கோர்ட்டு ஏற்கவில்லை. 1987-இல் ராம் நரேஷ் யாதவ் வழக்கிலோ, வக்கீலைக் கேளாமல் வழக்கின் தகுதியைப் பற்றித் தீர்ப்பளிக்கலாகாது, ஆனால் ஒழுங்கை நிலைநாட்டும்பொருட்டு, வழக்கை நடத்தாமைக்காகத் தள்ளிவிடலாம் என்ற அபிப்பிராயம் எழுந்தது. 1996-இல் பானி சிங் வழக்கை விசாரித்த மூன்று நீதிபதிகள் அடங்கிய அமர்வு இதனை மறுத்து, ஆஜராகாமைக்காகக் கிரிமினல் அப்பீலைத் தள்ளச் சட்டத்தில் இடமே இல்லை என்றும், தஸ்தாவேஜுகளைப் பரிசீலித்துத் தகுதியின்மீதே முடிவு காண வேண்டும் என்றும் தீர்மானித்தது.

இத்தீர்மானம் சரியானதே. சிவில் வழக்கில் ஒருவர் மற்றொருவரிடமிருந்து ஏதோ ஒன்றை வேண்டுகிறார். வேண்டியவரே அசட்டையாக இருந்தால் அது கிட்டாமற் போவதில் அநியாயம் இல்லை. கிரிமினல் வழக்கிலோ, மனிதனின் சுதந்திரத்தைப் பறிக்க வேண்டுவது ராஜ்யம். குற்றம் நிரூபணமாயிற்றா என்பதே அப்பீலிலும் கேள்வி. அக்கேள்விக்கு வக்கீல் வராமை எவ்விதத்திலும் விடையாகாது. மேலும், கையெழுத்தான கிரிமினல் தீர்ப்பைத் திருத்தலாகாது என்று முந்திய சட்டத்தின் 362-ஆம் பிரிவு தடுத்திருந்தது. அத்தடை புதிய சட்டத்திலும் நீடிக்கிறது. சிவில் கட்சிக்காரருக்கு 19-ஆம் விதி திறந்துவைத்த வாசலைப் போன்ற ஒன்று கைதிக்கு இல்லாதபோது, சிவில் வழக்கின் தண்டனையை மட்டும் அவர்மீது சுமத்துவது எங்ஙனம் தர்மமாகும்?

ஜாமீனில் வெளிவந்து, அப்பீல் முடியாதிருப்பதையே அனுகூலமாகக் கொண்டு ஆண்டுகளைக் கடத்துவோரும் உளர் என்பது மெய். 2013-இல் சூர்ய பக்ஷ் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இத்தொல்லையைக் கவலையோடு ஆராய்ந்தது. ஆனால் அதற்குப் பரிகாரம் ஜாமீனை ரத்து செய்து வாரண்டு பிறப்பிப்பதும், கோர்ட்டுக்குத் துணையாக ஒரு வக்கீலை நியமித்து அப்பீலை விரைந்து முடிப்பதுமாகும். படிக்காத தஸ்தாவேஜுக் கட்டை மூடிவைப்பதன்று.

சிறையில் இருப்பவரின் நிலை முற்றிலும் வேறானது. 1978-இல் தீர்ப்பான ஹோஸ்கோட் வழக்கில், ஹைக்கோர்ட்டுத் தீர்ப்பின் நகல் ஜெயில் சூபரின்டெண்டுக்கு அனுப்பப்பட்டிருந்தது. கைதியோ அது தமக்குக் கிட்டவேயில்லை என்றார். அவர் பெற்றுக்கொண்டதற்கு அத்தாட்சியாக ஒரு கையொப்பமும் காணப்படவில்லை. நான்காண்டுகளுக்கு மேல் தாமதித்து அவர் மனு வந்து சேர்ந்தபோது, மூன்றாண்டுத் தண்டனையையும் அவர் அனுபவித்து முடித்திருந்தார். மனு தகுதியின்மையால் தள்ளப்பட்டதாயினும், நகலை இலவசமாகவும் தாமதமின்றியும் வழங்கி, கைதியிடம் எழுத்துமூலம் ரசீது பெற வேண்டும் என்று நீதிபதி கிருஷ்ணய்யர் அத்தீர்ப்பில் விதித்தார். காலக்கெடு தவறியதற்கு அலுவலக மேஜையில் கிடந்த காகிதமும் காரணமாகலாம் என்பதை உணர்ந்த தீர்ப்பு அது.

இவ்விடத்தில் பானி சிங் தீர்ப்பும் முழுமை பெற்றதாகத் தோன்றவில்லை. சிறையிலிருப்பவரின் வக்கீல் வராவிட்டால் வேறு தேதி குறிப்பது நலம் என்று கூறிய அத்தீர்ப்பு, அரசாங்கச் செலவில் வக்கீலை நியமிப்பதைக் கோர்ட்டின் விருப்பத்துக்கே விட்டது. 2013-இல் பாண்டுரங்கா வழக்கும் அவ்விருப்பத்தையே உறுதிசெய்தது. சாட்சியங்களின் முரண்பாடுகளை எடுத்துக்காட்ட ஒருவருமின்றி, தண்டித்த தீர்ப்பின் வழியே வழக்கைக் காணும் நீதிபதி, எத்துணை நேர்மையாளராயினும், பாதி வழக்கையே காண்பார். ஆகையால், சிறையிலுள்ள அப்பீல்தாரரின் வக்கீல் வாராதபோது மாற்று வக்கீலை நியமிப்பதும், தஸ்தாவேஜுகளைப் படித்துக் கைதியை நேரில் கண்டு பேச அவருக்கு அவகாசம் தருவதும் கட்டாயமாக்கப்பட வேண்டும்.