பிச்சாவரத்துத் தோணியும் பரங்கிப்பேட்டை வரலாறும்



சென்ற அரையாண்டு விடுமுறையில் எங்கள் மத்ரஸாவின் மூத்த மாணவர்கள் 11 பேரை அழைத்துக்கொண்டு பிச்சாவரம் சென்றிருந்தேன். சிதம்பரத்திலிருந்து கிள்ளை வழியாக ஏறத்தாழ 15 கிலோமீட்டர். வடக்கே வெள்ளாறும் தெற்கே கொள்ளிடமும் கடலில் கலக்கும் இடங்களுக்கு நடுவே, சுமார் 1,100 ஹெக்டேர் பரப்பில் விரிந்திருக்கிறது அந்த அலையாத்திக் காடு. விசைப்படகுகள் அகன்ற கால்வாய்களில் மட்டுமே செல்லும். குறுகிய வாய்க்கால்களுக்குள் நுழைய வேண்டுமானால் துடுப்புப் படகுதான். ஆகவே படகுக்கு நால்வராக மூன்று துடுப்புப் படகுகளில் ஏறினோம்.

பறவை பார்ப்பதற்காகவே பிள்ளைகள் வந்திருந்தார்கள். நவம்பர் முதல் ஜனவரி வரை வலசைப் பறவைகள் வரும் காலம். நீர்க்காகங்கள் சிறகை விரித்து வெயில் காய்ந்தன. மீன்கொத்தி ஒன்று எங்களுக்கு முன்னே கிளைக்குக் கிளை பறந்து வழிகாட்டியது போலச் சென்றது. சேற்றில் உளுவை மீன்கள் துடுப்பை ஊன்றித் துள்ளின. நீர்நாயைக் காட்டுவதாகப் படகுக்காரர் வாக்களித்தார். அது எங்களுக்குக் காட்சி தரவில்லை. வழியில் இருளர் பெண்கள் சிலர் கழுத்தளவு நீரில் நின்று, வெறும் கையால் தடவி இறால் பிடித்துக்கொண்டிருந்தார்கள். பிடித்ததைப் போடும் பையைப் பல்லால் கவ்வியிருந்ததால் அவர்களால் பேசவும் இயலவில்லை. சலசலவென்று பேசிக்கொண்டு வந்த எங்கள் பிள்ளைகள் அவர்களைக் கடக்கும் வரை அமைதியாயினர்.

மரங்களைப் பற்றிப் படகுக்காரர் நன்றாகவே விளக்கினார். வளைந்த கால்கள் போல வேரூன்றி நிற்பது சுரபுன்னை. அதன் விதை தாய்மரத்திலேயே முளைவிட்டு, நீண்ட காய் போலத் தொங்கி, பின்னர் சேற்றில் விழுந்து ஊன்றிக்கொள்கிறது. சேற்றுக்கு மேலே பென்சில்களைக் குத்திவைத்தது போல மூச்சுவேர்களை நீட்டுவது வெண்கண்டல். அதன் இலையை நக்கிப் பார்த்த மாணவர் ஒருவர் உப்புக் கரிக்கிறது என்றார். மூன்றாவது மரத்தைத் தொட வேண்டாம் என்று எச்சரித்தார். அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே கேடு. அதுதான் தில்லை. சிதம்பரத்திற்குத் தில்லை என்ற பெயர் இம்மரத்தால் வந்தது என்பதை மாணவர்களில் பலரும் அன்றுதான் அறிந்தனர்.

பிறகு அவர் துடுப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார்: "சுனாமி அன்னிக்கு இந்தக் காடு மட்டும் இல்லேன்னா நாங்க யாரும் இல்ல பாய். அலையை இதுதான் தடுத்துச்சு."

பிள்ளைகள் மரங்களை வியப்புடன் பார்த்தார்கள். ஒருவர் மட்டும் என் பக்கம் சாய்ந்து மெதுவாகக் கேட்டார்: "ஹஜ்ரத், இது ஸஹீஹா?"

சிரித்துவிட்டேன். ஆயினும் அந்த ஆண்டுதான் அவர்களுக்கு ஹதீஸ் கலையின் அடிப்படைகளைத் தொடங்கியிருந்தேன், கேள்வி நியாயமானது.

2004 டிசம்பர் 26-க்குப் பின் இந்தக் கேள்வியை முறைப்படி ஆராய்ந்தவர்கள் பரங்கிப்பேட்டையிலேயே இருந்தார்கள். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் மையம் அவ்வூரில்தான் உள்ளது. அதன் அறிஞர்கள் கதிரேசனும் ராஜேந்திரனும் இக்கரையோரத்தின் 18 குப்பங்களில் உயிரிழப்பையும் பொருளிழப்பையும் கணக்கெடுத்து, 2005-இல் வெளியிட்டனர். கடலிலிருந்து ஊர் எவ்வளவு தூரம், எவ்வளவு உயரம், முன்னால் எவ்வளவு மரம் என்ற மூன்றும் இழப்பைக் குறைத்தன என்பது அவர்கள் முடிவு. அதே ஆண்டில் கடலூர்க் கரையின் செயற்கைக்கோள் படங்களைக் கொண்டு வேறொரு குழுவும், மரமிருந்த இடங்களில் சேதம் குறைவு என்றது. மறு ஆண்டே வேறு மூவர் அந்த 18 குப்பங்களின் எண்களையே எடுத்து மீண்டும் கணக்கிட்டார்கள். தூரத்தையும் உயரத்தையும் கழித்துவிட்டால் மரத்தின் பங்கென்று தனியே சொல்லக்கூடியது சொற்பமே என்று வாதிட்டார்கள்.

இதை மாணவர்களுக்கு எப்படி விளக்குவது? எம்.ஜி.ஆர். திட்டைக் காட்டினேன். காட்டுக்கும் கடலுக்கும் நடுவே மணல்திட்டில் இருந்த குடியிருப்பு அது, சுனாமியில் அழிந்தது, எஞ்சியோர் உள்ளே குடியமர்த்தப்பட்டனர். காட்டுக்குப் பின்னாலிருந்த ஊர்களோ பெருமளவு தப்பின. பார்த்தவுடன் காடுதான் காத்தது என்று தோன்றும். ஆனால் காட்டுக்குப் பின்னாலிருக்கும் ஊர் கடலிலிருந்து தொலைவாகவும் இருக்கிறதே! காத்தது மரமா, தூரமா? வெளித்தோற்றத்தில் குறையற்ற ஸனத்தின் உள்ளே மறைந்திருக்கும் குறையை முஹத்திஸ்கள் 'இல்லத்' என்பார்கள். அதைக் கண்டுபிடிப்பது அக்கலையில் மிகக் கடினமான பகுதி. இங்கே தூரம்தான் அந்த இல்லத்.

அதனால் படகுக்காரர் பொய் சொன்னார் என்று ஆகிவிடாது. வேர்களுக்குள் புகுந்த நீர் வேகமிழக்கும் என்பதில் ஆராய்ச்சியாளரிடையே சண்டையில்லை. அந்த நாளில் அவ்வளவு பெரிய அலையை எந்த அளவு தணித்தது என்பதில்தான் சண்டை. அவர் தம் கண்ணால் கண்டதைச் சொன்னார். கண்டதிலிருந்து அவர் எடுத்த முடிவுக்குத்தான் ஆய்வு தேவை. ராவி நம்பகமானவர், கருத்தில் மட்டும் பேச்சு இருக்கிறது என்று சொன்னேன். கேட்ட மாணவருக்கு முழுத் திருப்தியில்லை.

காட்டின் வரலாற்றில் ஐயத்துக்கு இடமில்லாத செய்தி ஒன்று உண்டு; அது பெருமைக்குரியதன்று. ஆங்கிலேயர் காலத்தில் தொடங்கி 1970கள் வரை இக்காட்டைப் பகுதி பகுதியாகப் பிரித்து, முறைவைத்து முற்றிலும் வெட்டினார்கள். வெட்டினால் மீண்டும் தழைக்கும் என்பது கணக்கு. தழைக்கவில்லை. நிழலிழந்த சேறு வெயிலில் காய்ந்து அமிழ்ந்து தொட்டிபோலக் குழிந்தது; ஏற்றத்தில் புகுந்த கடல்நீர் வற்றத்தில் வெளியேறாமல் தேங்கிக் கடும் உப்பானது; அதில் கண்டல் கன்றும் பிழைக்கவில்லை. விறகு பொறுக்குவோரும் மாடு மேய்ப்போருமே காட்டை அழித்ததாக நெடுங்காலம் பழி சுமந்தார்கள். 1990களில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் கிராம மக்களும் சேர்ந்து, மீன்முள் வடிவில் கால்வாய்கள் வெட்டிக் கடலின் ஏற்றவற்றத்தை மீண்டும் உள்ளே ஓடவிட்டார்கள். நாங்கள் கண்ட வெண்கண்டல்களில் ஒரு பகுதி அதன் பின் நட்டு வளர்ந்தவை.

ளுஹருக்கு நேரமாகிவிட்டதால் கழிநீரில் உளூச் செய்யலாமா என்று இன்னொருவர் கேட்டார். கடல்நீர் பற்றிய ஹதீஸே, குறைந்த குடிநீருடன் கடலில் செல்லும் ஒருவர் நபி (ஸல்) அவர்களிடம் கேட்ட கேள்வியிலிருந்து பிறந்தது என்பதை நினைவூட்டினேன். பிறகு பரங்கிப்பேட்டைக்குச் சென்று பள்ளிவாசலில் தொழுதோம்.

அவ்வூரை முஸ்லிம்கள் மஹ்மூத் பந்தர் என்றார்கள். போர்ச்சுகீசியர் போர்ட்டோ நோவோ, புதுத் துறைமுகம், என்றார்கள். நம்மவர் கப்பல்கள் இங்கிருந்து துணிகளை ஏற்றிக்கொண்டு அச்சே, கெடா, மலாக்கா வரை சென்றன. 1781 ஜூனில் ஆங்கிலத் தளபதி அயர் கூட் சிதம்பரம் கோயில் கோட்டையைத் தாக்கித் தோற்று இவ்வூருக்குப் பின்வாங்கினார். ஜூலை 1-இல் இதே மணல்வெளியில் ஹைதர் அலியை வென்றார். சுனாமியின் போது வீடிழந்த மீனவ மக்களுக்கு இடமும் உணவும் தந்தது இவ்வூர் ஜமாஅத்.

அவ்வூரில் ஒரு கப்ர் இருக்கிறது. உக்காஷா (ரலி) அவர்களுடையது என்பார்கள். விசாரணையின்றிச் சுவர்க்கம் புகும் 70,000 பேரில் தம்மையும் சேர்க்க வேண்டுமென்று முந்திக்கொண்டு கேட்ட பத்ரு ஸஹாபி அவர். சிறுவயதில் என் உம்மம்மா என் கையைப் பிடித்து அங்கே அழைத்துச் சென்று, அந்த வரலாற்றைச் சொல்லியிருக்கிறார். அதைக் கேட்டு எத்தனையோ இரவு நானும் அந்த 70,000-இல் ஒருவனாக வேண்டுமென்று துஆச் செய்து உறங்கியிருக்கிறேன்.

மத்ரஸாவில் சேர்ந்த பிறகு தாரீக் நூல்களைப் படித்தேன். ஹிஜ்ரி 11-இல், அபூபக்ர் (ரலி) காலத்தில், நஜ்து நாட்டின் புஸாகா போரை ஒட்டி, உளவறிய முன்னே சென்ற உக்காஷா (ரலி), ஸாபித் பின் அக்ரம் (ரலி) இருவரும் துலைஹாவின் தரப்பினரால் ஷஹீதாக்கப்பட்டார்கள் என்று இருந்தது. அந்த விடுமுறையிலேயே ஊர் வந்து, பலர் இருந்த முற்றத்தில், "நீங்கள் சொன்னது பொய் உம்மம்மா. ஸஹாபி அங்கே இல்லை" என்றேன். எனக்கு அப்போது 20 வயது. அவர் மறுக்கவில்லை. முறத்திலிருந்த அரிசியைத் தொடர்ந்து புடைத்தார். அதன் பின் எந்த வரலாற்றையும் அவர் எனக்குச் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நான் பட்டம் பெறும் முன்பே வஃபாத்தானார்.

நான் படித்த செய்தியில் இன்றும் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. அரபு வணிகரும் மார்க்க அறிஞரும் வந்திறங்கிய துறைமுகத்தில், பெயர் மறந்துபோன ஒரு நல்லடியார் அடங்கியிருக்கலாம். அவர் யாரென்பதை அல்லாஹ்வே அறிவான். ஆனால் 'பொய்' என்ற சொல் அங்கே பொருந்தாது. அவர் தம் தாயிடம் கேட்டதைத் தம் பேரனுக்குச் சேர்த்தார். ஸனத் எங்கே அறுந்தது என்பதைத் தேடியிருக்க வேண்டியவன் நான். அறுந்த இடம் நிச்சயமாக அந்த முற்றம் அன்று.

மாலையில் திரும்பும்போது, காலையில் கேள்வி கேட்ட மாணவர் பேருந்தில் என் அருகே அமர்ந்தார். படகுக்காரரிடம் ஆய்வு முடிவைச் சொல்லியிருக்க வேண்டாமா, ஹஜ்ரத், என்று கேட்டார். நான் சொல்லியிருந்தேன். படகை விட்டு இறங்கும்போது, பிள்ளைகள் முன்னே போன பிறகு, தனியே. தூரமும் காத்திருக்கலாம் என்று படித்தவர்கள் சொல்கிறார்கள் என்றேன். அவர் துடுப்பைக் கழுவியபடியே சற்று யோசித்தார்.

"இருக்கலாம் பாய். தூரத்துல ஊர் வைக்கணும்னு எங்க பாட்டன் சொல்லுவாரு" என்றார்.