திரும்பி வரும் நீரும் திரும்பாத நீரும்

பழைய செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்ததும், இப்பொழுது ஒரகடத்து மோட்டார்த் தொழிற்சாலைகளுக்கு அண்மையில் இருப்பதுமான வடக்குப்பட்டு என்னும் சிற்றூர், 2022ஆம் ஆண்டில் இந்தியத் தொல்லியல் துறையினர் அங்கே அகழாய்வு நடத்திய பிறகுதான் வெளியுலகத்தின் கவனத்திற்கு வந்தது. மேற்பரப்பிலிருந்து சுமார் 75 சென்டிமீட்டர் ஆழத்தில் கற்கால மனிதன் செதுக்கிய கருவிகள் கிடைத்தன. பிற்காலத்து மக்கள் விட்டுச்சென்ற கண்ணாடி மணிகளும், ரோமாபுரி வாணிபத்தின் சாட்சியமாகிய மதுச்சாடிகளின் ஓடுகளும் அதே நிலத்திலிருந்து வெளிப்பட்டன. இரண்டு முழ ஆழத்துக்குள் பல்லாயிரம் ஆண்டுகளின் வாழ்க்கை அடங்கியிருக்கிறதென்றால், அந்த இடத்தை மனிதன் யுகந்தோறும் நாடி வந்ததற்கு அங்கே அவனுக்கு நீர் கிடைத்ததே பிரதான காரணமாக இருந்திருக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம்.

இந்தப் பிரதேசத்தின் பூமியை ஆராய்ந்து எழுதியவர்களில் முதன்மையானவர் ராபர்ட் புரூஸ் ஃபுட். 1863ஆம் ஆண்டு மே மாதத்தில், இங்கிருந்து வெகு தூரமில்லாத பல்லாவரத்தில், இந்தியாவின் பழங்கற்காலத்தை உலகுக்கு அறிவித்த கற்கருவியைக் கண்டெடுத்த அவரே, நிலவியல் துறையின் உத்தியோகஸ்தர் என்ற முறையில் ஸ்ரீபெரும்புதூரைச் சுற்றியுள்ள பாறைகளையும் விவரித்தார். ஸ்ரீபெரும்புதூர்ப் படிவு என்று நிலவியல் நூல்கள் குறிக்கும் அந்த அடுக்கு, பத்துக் கோடி ஆண்டுகளுக்கும் முன்னே சேறாகப் படிந்து, அக்காலத்துத் தாவரங்களின் இலைகளைத் தன்னுள் பதித்துக்கொண்டு இறுகிய களிப்பாறையை உடையது. ஷேல் என்று சொல்லப்படுவது இவ்வகைப் பாறைதான். ஸ்ரீபெரும்புதூரின் ஷேலிலிருந்து எரிவாயு எடுக்கும் தொழில் நடந்ததில்லை. ஆனால் இதே இனத்துப் பாறையை நீரின் அழுத்தத்தால் பிளந்து வாயுவையும் எண்ணெயையும் எடுக்கும் வித்தை, அமெரிக்காவில் தோன்றி வளர்ந்து, கடைசியில் அதைப் பற்றிய அச்சம் நம் காவிரி டெல்டாவின் வயல்களையும் வந்து எட்டியது. ஆகையால் ஏரிகளுக்குப் பேர்போன இந்தச் சீமையை உரைகல்லாக வைத்துக்கொண்டு அந்த வித்தையின் சரித்திரத்தை ஆராய்வது பொருத்தமாகவே இருக்கும்.

1947ஆம் ஆண்டில், கான்ஸஸ் மாகாணத்தின் ஹியூகோட்டன் எரிவாயு வயலில், ஸ்டானோலிண்ட் என்ற எண்ணெய்க் கம்பெனியார் கெட்டியாக்கப்பட்ட பெட்ரோலை மிகுந்த அழுத்தத்துடன் கிணற்றுக்குள் செலுத்திப் பாறையைப் பிளந்து பார்த்ததே இதன் ஆரம்பம். அந்த முதற் பரிசோதனை பெரிதாகப் பலிக்கவில்லை. ஆயினும் 1949 மார்ச் மாதத்தில் ஹாலிபர்ட்டன் கம்பெனி ஓக்லஹாமாவிலும் டெக்ஸாஸிலும் அம்முறையை வியாபார ரீதியில் தொடங்கிவிட்டது. அதற்குப் பிறகு நெடுங்காலம் வரை, சுரப்புக் குறைந்த கிணறுகளைத் தூண்டிவிடும் ஓர் உபாயமாகவே அது இருந்தது. டெக்ஸாஸில் ஜார்ஜ் மிட்செல் என்பவரின் கம்பெனி, பார்னெட் என்னும் ஷேல் படிவில் பல ஆண்டுகள் பெரும்பொருள் செலவிட்டு, 1990களின் இறுதியில், விலையுயர்ந்த பசைக் கரைசல்களைக் கைவிட்டு, வழுக்கும் இரசாயனம் சிறிதளவு கலந்த நீரையே ஏராளமாகச் செலுத்தினாலும் பாறை பிளக்கிறது என்று கண்டபோதுதான், நீர் இத்தொழிலின் முதன்மையான மூலப்பொருளாயிற்று.

துளையானது இரண்டு மூன்று கிலோமீட்டர் ஆழம் செங்குத்தாக இறங்கி, ஷேல் அடுக்கை அடைந்ததும் வளைந்து, அதற்குள்ளேயே கிடையாக நெடுந்தூரம் செல்கிறது. எஃகுக் குழாயை இறக்கி, அதைச் சுற்றிலும் சிமென்ட் அடைத்து, வேண்டிய இடங்களில் வெடிமருந்தால் துளையிட்டு, அதன் வழியே நீரைச் செலுத்துகிறார்கள். நீரோடு செல்லும் மணல், வெடித்த பிளவுகள் மறுபடி மூடிக்கொள்ளாமல் தாங்கி நிற்கிறது. அமிலமும், கிருமிநாசினியும், உராய்வைக் குறைக்கும் பொருளும் நூற்றுக்கு ஒன்றிரண்டு பங்கு கலக்கப்படுகின்றன. பங்கு அற்பமாகத் தோன்றினாலும், நீரின் அளவே கோடி லிட்டராக இருக்கும்போது அந்த இரசாயனமும் லட்சக்கணக்கான லிட்டராகி விடுகிறது. அமெரிக்க நிலவியல் துறையின் கணக்குப்படி, ஒரு கிணற்றுக்கு 15 லட்சம் காலன் முதல் 160 லட்சம் காலன் வரை, அதாவது சுமார் 57 லட்சம் லிட்டரிலிருந்து 6 கோடி லிட்டர் வரை, நீர் செலவாகிறது.

நியாயமாகப் பேசுவதானால், இந்த எண்ணைக் கண்ட மாத்திரத்தில் திடுக்கிட வேண்டியதில்லை. ஒரு ஹெக்டேர் நெல்லுக்கு ஒரு போகத்தில் ஒரு கோடி லிட்டருக்கு மேல் நீர் பாய்கிறது. ஆகவே மிகப் பெரிய ஷேல் கிணறு குடிக்கும் நீரும் நாலைந்து ஹெக்டேர் வயலின் நீர்தான். வித்தியாசம் வேறிடத்தில் இருக்கிறது. வயலில் பாய்ந்த நீரில் ஒரு பங்கு பயிரின் மூலமாகவும் வெயிலின் மூலமாகவும் ஆகாயத்தை அடைந்து எங்கேயோ மழையாகிறது. ஒரு பங்கு மண்ணுக்குள் இறங்கிக் கிணற்றில் ஊறுகிறது. மிஞ்சியது வடிகால் வழியே கீழ்வயலுக்குப் போகிறது. ஷேலுக்குள் செலுத்திய நீரிலோ, பெரும்பகுதி பல இடங்களில் பாறையின் நுண்துளைகளிலேயே தங்கி, நீரின் சுழற்சியை விட்டே நீங்கிவிடுகிறது. மேலே திரும்பும் பகுதி, பூமியின் கர்ப்பத்திலிருந்த உப்பையும், பேரியத்தையும், சில பிரதேசங்களில் ரேடியத்தையும் கரைத்துக்கொண்டு, கடல் நீரினும் மிகுந்த உவராக வருகிறது. அதை ஆற்றில் விடவும் முடியாது, வயலில் விடவும் முடியாது. எண்ணெய்க் கிணறுகளின் கழிவுநீரை ஆழத்துப் பாறைகளுக்குள் செலுத்திப் புதைத்த ஓக்லஹாமாவில் நிலநடுக்கங்கள் பெருகின. 2016 செப்டம்பரில் பானீ நகரத்துக்கருகே ஏற்பட்ட அதிர்ச்சியின் அளவு 5.8.

இத்தனைக்கும், 2005ஆம் ஆண்டின் எரிசக்திச் சட்டத்தின் மூலம், டீசலைப் பயன்படுத்தும் கிணறுகள் நீங்கலாக, பாறை பிளக்கும் வேலை முழுவதையும் குடிநீர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் பிடியிலிருந்து அமெரிக்கா விடுவித்திருந்தது. அந்நாட்டின் சுற்றுச்சூழல் பாதுகாப்பு நிறுவனம் 2016 டிசம்பரில் வெளியிட்ட முடிவான அறிக்கை, சில சூழ்நிலைகளில் குடிநீர் ஆதாரங்கள் பாதிக்கப்படக்கூடும் என்று ஒப்புக்கொண்டது: நீர் பஞ்சமுள்ள காலத்தில் எடுக்கும்போதும், இரசாயனம் சிந்தும்போதும், குழாயின் சிமென்ட் உறை பழுதாயிருக்கும்போதும், கழிவைத் தளவரிசையில்லாத குழிகளில் தேக்கும்போதும் கேடு நேரும் என்று அது கண்டது. பிரான்ஸ் தேசம் 2011லேயே இம்முறையைத் தடை செய்துவிட்டது.

இனி நம் செங்கற்பட்டுச் சீமைக்கு வருவோம். ஜீவநதி ஒன்றுமில்லாத இந்த நாட்டில், ஐப்பசி கார்த்திகையில் கொட்டித் தீரும் மழையை ஆண்டு முழுவதற்கும் காப்பாற்றி வைக்க நம் முன்னோர் கண்ட உபாயம் ஏரி. ஒரு ஏரி நிரம்பினால் அதன் கலங்கல் வழியே வழியும் நீர் அடுத்த ஏரிக்குப் போகும். அது நிரம்பினால் அதற்கும் கீழுள்ளது பெறும். பாலாற்றிலிருந்து புறப்பட்டு வழியிலுள்ள ஏரிகளையெல்லாம் நிரப்பிக்கொண்டு ஸ்ரீபெரும்புதூர் ஏரியை அடையும் கம்பக்கால்வாய் இந்த ஏற்பாட்டின் அரிய உதாரணம். மதகின் வழியே வயலுக்குப் போன நீரும், கரையின் அடியில் கசிந்த நீரும் ஆயக்கட்டுக் கிணறுகளில் மறுபடி தலைகாட்டின. இந்த ஒழுங்கு தானாக நடந்துவிடவில்லை. 10ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில், பராந்தக சோழன் காலத்தில் உத்தரமேரூர்க் கோயிற் சுவரில் வெட்டப்பட்ட சாசனங்கள், குடவோலையால் தேர்ந்தெடுக்கப்பட்ட ஏரி வாரியம் என்ற சபையை விதிக்கின்றன. எவ்வெவர் அந்தப் பொறுப்புக்குத் தகுதியற்றவர் என்பதைக் கூட அச்சாசனங்கள் நுணுக்கமாகச் சொல்வதைப் பார்த்தால், நீரைப் பொறுத்த நாணயத்தை அவர்கள் எவ்வளவு பெரிதாக மதித்தார்கள் என்பது விளங்கும். மேலேரிக்காரன் தன் கலங்கலை உயர்த்திக்கொண்டால் கீழேரிக்காரன் கேட்கலாம். தனக்குப் பின்னே நீர் யாருக்குப் போகிறது என்பதை அறிந்தவனாகவே ஒவ்வொரு குடியானவனும் நீரைப் பயன்படுத்தினான்.

இந்த ஏற்பாட்டில் குறைகள் இல்லாமலில்லை. வாரியத்தில் இருந்தவர்கள் நிலமும் கல்வியும் உடையவர்கள். ஏரியைத் தூர்வாரிச் சேறு சுமந்தவர்களில் பலருக்குச் சொந்தமாக ஒரு காணி நிலமும் இல்லை. இங்கிலீஷ் சர்க்கார் 1858ஆம் ஆண்டுச் சட்டத்தால், ஏரிகளை ஊராரே பழுதுபார்க்கும் குடிமராமத்தைக் கட்டாய உழைப்பாக்கியபோது, அந்தப் பழைய பாரம் அவர்கள் முதுகிலேயே மறுபடியும் ஏறியது.

அதைவிடப் பெரிய மாறுதல் 1882ஆம் ஆண்டில் நேர்ந்தது. அவ்வாண்டின் இந்திய வசதியுரிமைச் சட்டம், தொடக்கத்திலேயே சென்னை மாகாணத்துக்கும் அமலாயிற்று. வரையறுத்த கால்வாயில் ஓடாமல் நிலத்தின் அடியில் கிடக்கும் நீரையெல்லாம் தன் எல்லைக்குள் எடுத்துக்கொள்ள நிலச் சொந்தக்காரனுக்கு உரிமையுண்டு என்பது அச்சட்டம் ஏற்றுக்கொண்ட கொள்கை. ஏற்றமும் கவலையும் இறைத்த காலத்தில் அந்த உரிமையால் விளைந்த தீமை சொற்பம். மின்சாரப் பம்பும் ஆழ்துளைக் கிணறும் வந்த பிறகோ, பக்கத்து நிலத்தின் நீரையும் தன் துளை வழியே உறிஞ்சிக்கொள்ள அதே சட்டம் இடம் கொடுத்தது. மேலேரிக்காரனைக் கேட்கலாம் என்றிருந்த ஊரில், ஆழ்துளைக்காரனைக் கேட்க வழியில்லாமற் போயிற்று. சென்னையின் சுற்றுப்புறத்துக்கு 1987இல் ஒரு நிலத்தடி நீர்ச் சட்டம் வந்தது. மாநிலம் முழுவதற்குமாக 2003இல் இயற்றிய சட்டமோ 2013இல் ரத்தாயிற்று.

தொழிற்சாலைகள் இந்தச் சீமைக்கு வந்தது இத்தகைய காலத்தில்தான். 1998இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார்கள் உருவாகத் தொடங்கின, 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிஸான் தொழிற்சாலை திறக்கப்பட்டது, மற்றவையும் தொடர்ந்தன. ஆயிரமாயிரம் குடும்பங்களுக்கு அவை சோறு போடுகின்றன. அதைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. 2019ஆம் ஆண்டுக் கோடையில் செம்பரம்பாக்கம் ஏரியே வறண்டு கிடந்தபோது, நகரமும் தொழிலும் ஒரே பாத்திரத்தில் கைவைத்திருப்பது எல்லோருக்கும் தெரிந்தது. அவ்வாண்டின் இறுதியில், கோயம்பேட்டில் சென்னையின் சாக்கடை நீரை மும்முறை சுத்திகரித்து, நாளொன்றுக்கு 4 கோடியே 50 லட்சம் லிட்டர் வரை இந்தத் தொழிற்பேட்டைகளுக்குக் குழாய் வழியே அனுப்பும் நிலையம் ஏற்பட்டது. ஒருவர் பயன்படுத்திய நீர் மற்றொருவருக்குப் பயன்படும்படி திரும்பி வருகிறது என்ற வகையில், ஏரிச் சங்கிலியின் தர்மம் இக்காலத்துக் குழாய்களில் மறுபடி தோன்றியிருப்பதாக இதை நான் கொண்டாடுகிறேன்.

நீரால் பாறையைப் பிளப்பது என்பதே பாவகாரியம் அன்று என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். கடும்பாறைப் பகுதிகளில் கைப்பம்புக் கிணறுகள் சுரப்பற்றுப் போகும்போது, அழுத்தத்துடன் நீரைச் செலுத்தி அடைபட்ட வெடிப்புகளைத் திறந்துவிடும் முறையைத் தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியமும் கையாண்டிருக்கிறது. அங்கே செல்வது நல்ல நீர். எடுப்பதும் குடிக்கும் நீர்.

காவிரி டெல்டாவில் நேரவிருந்தது வேறு விதம். 2010 ஜூலையில் மத்திய சர்க்கார், மன்னார்குடி வட்டாரத்தில் தஞ்சை, திருவாரூர் மாவட்டங்களைச் சேர்ந்த 691 சதுர கிலோமீட்டர் பரப்பில் நிலக்கரிப் படிவிலுள்ள மீத்தேன் வாயுவை எடுக்க, கிரேட் ஈஸ்டர்ன் எனர்ஜி என்ற கம்பெனியோடு ஒப்பந்தம் செய்துகொண்டது. 2011 ஜனவரியில் மாநில சர்க்காரும் உடன்படிக்கை எழுதியது. நிலக்கரியில் ஒட்டிக்கிடக்கும் மீத்தேனை அங்கே அழுத்தி வைத்திருப்பது நீர். அந்த நீரை மாதக்கணக்கில் இறைத்து வெளியேற்றினாலன்றி வாயு விடுபடாது. படிவு இறுகியிருந்தால் அதையும் பிளக்க வேண்டும். கடல் அருகேயிருக்க, ஆற்றில் வரும் தண்ணீருக்கே வழக்காடிக்கொண்டிருக்கும் டெல்டாவில், நிலத்தடி நீர்மட்டம் இறங்கினால் உப்புநீர் உட்புகும் என்பதைக் குடியானவர்களுக்கு எவரும் கற்பிக்க வேண்டியிருக்கவில்லை. இயற்கை வேளாண்மை அறிஞர் கோ. நம்மாழ்வார் ஊர் ஊராக நடந்து இதை எடுத்துச் சொன்னார். அந்தப் பிரசாரத்தின் நடுவிலேயே, 2013 டிசம்பர் 30ஆம் தேதி, பட்டுக்கோட்டையை அடுத்த அத்திவெட்டியில் காலமானார். அவ்வாண்டு ஜூலையில் மாநில சர்க்கார் திட்டத்தை நிறுத்தி வைத்து நிபுணர் குழு ஒன்றை அமைத்திருந்தது. 2015 அக்டோபரில் திட்டத்தை அடியோடு நிராகரித்தது.

அதோடு முடியவில்லை. மத்திய சர்க்கார் 2013இல் வகுத்த ஷேல் கொள்கையில் காவிரிப் படுகையும் வளமுள்ள படுகைகளில் ஒன்றாக எண்ணப்பட்டிருந்தது. 2017 பிப்ரவரியில் புதுக்கோட்டை மாவட்டத்து நெடுவாசலில் ஹைட்ரோகார்பன் எடுக்க அனுமதி கிடைத்ததும், ஆண்களும் பெண்களும் குழந்தைகளுமாக ஊரே அதை எதிர்த்துத் திரண்டு உட்கார்ந்தது. அவ்வாண்டு ஜூன் 30ஆம் தேதி கதிராமங்கலத்தில் எண்ணெய்க் குழாய் கசிந்து கச்சா எண்ணெய் வயலில் பரவியது. நிபுணர்கள் வழக்கமான எண்ணெய்க் கிணறு வேறு, மீத்தேன் வேறு, ஷேல் வேறு என்று பிரித்துக் காட்டினார்கள். அந்தப் பிரிவினை சரியானதே. எனினும் இறக்கும் குழாய், எடுக்கும் நீர், வெளிவரும் கழிவு ஆகிய மூன்றையும் பற்றிக் கிராமத்தார் கேட்ட கேள்விகள் எல்லாவற்றுக்கும் பொதுவானவை. அவற்றுக்கு அந்தந்த ஊரிலேயே, ஊரார் முன்னிலையில் விடை சொல்லியிருக்க வேண்டும்.

2020 பிப்ரவரி 20ஆம் தேதி சட்டசபையில் நிறைவேறிய பாதுகாக்கப்பட்ட சிறப்பு வேளாண் மண்டலச் சட்டம், தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டங்களிலும், கடலூர், புதுக்கோட்டை மாவட்டங்களின் சில வட்டாரங்களிலும் புதிதாக எண்ணெய், மீத்தேன், ஷேல் வாயு முதலியவற்றைத் தேடுவதையும் எடுப்பதையும் விலக்கியது. முன்பே நடந்துவந்த கிணறுகளை அது தொடவில்லை. திருச்சி, கரூர், அரியலூர் மாவட்டங்களைச் சேர்த்துக்கொள்ளவும் இல்லை. 2023இல் நிலக்கரி ஏலப் பட்டியலில் தஞ்சை மாவட்டத்து வடசேரியும், கடலூர்ச் சேத்தியாத்தோப்பின் கிழக்குப் பகுதியும், அரியலூர் மாவட்டத்து மைக்கேல்பட்டியும் இடம்பெற்றன. மாநிலத்தின் எதிர்ப்பின் பேரில் மூன்றும் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டன. ஆயினும் மைக்கேல்பட்டியைக் காக்க 2020ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு வரியும் இல்லாதிருந்தது. அச்சட்டத்தின் எல்லையைத் திருத்த என்றேனும் முற்படுவார்களானால், ஜில்லாப் படத்தை ஒதுக்கி வைத்துவிட்டு, எந்த நிலத்தின் ஊற்று எந்த நிலத்துக்குப் போகிறது என்று கணித்த நீர்ப்படத்தை முன்னே விரித்துக்கொண்டு உட்கார வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.