தூக்க முடக்கம்

தூக்க முடக்கம் என்பது உறங்கத் தொடங்கும்போதோ விழிக்கும்போதோ நினைவு தெளிந்திருந்தும் உடலை அசைக்கவோ பேசவோ இயலாத தற்காலிக நிலை. மருத்துவ வகைப்பாட்டில் இது கனவுகள் மிகும் ‘ரெம்’ உறக்கம் சார்ந்த கோளாறுகளுள் அடங்கும். அவ்வுறக்கத்தின்போது மூளைத்தண்டு தசைகளைச் செயலிழக்கச் செய்கிறது. விழித்த பின்னும் அந்நிலை தொடர்வதே முடக்கம். இது சில நொடிகளிலோ சில நிமிடங்களிலோ தானே விலகும்.

மார்பில் அழுத்தம், மூச்சுத்திணறல், அருகில் யாரோ நிற்கும் உணர்வு ஆகியவை அச்சமூட்டும். தூக்கக் குறைவு, ஒழுங்கற்ற உறக்க நேரம், மல்லாந்து படுத்தல் ஆகியவை இதனைத் தூண்டும். பகலில் அடக்க இயலாத உறக்கம் வரும் நார்கோலெப்சி நோயின் அறிகுறியாகவும் இது அமையும்.

தமிழர் வழக்கில் இது ‘அமுக்குவான் பேய்’. நரம்பியலாளர் கின்னியர் வில்சன் 1928இல் இதனை விவரித்தார். 2011ஆம் ஆண்டுத் தொகுப்பாய்வொன்றின்படி, வாழ்நாளில் ஒருமுறையேனும் இதற்கு ஆளாவோர் ஏறத்தாழ 7.6 விழுக்காட்டினர்.