தாய்மொழித் தாக்கம்

இரண்டாம் மொழியைப் பேசும்போதும் எழுதும்போதும் முதல் மொழியின் ஒலி, தொடரமைப்புப் பழக்கங்கள் தலைகாட்டுவது. யூரியல் வைன்ரைக் 1953இல் இதை விரிவாக ஆராய்ந்தார். இரு மொழிகளை ஒப்பிட்டே கற்பவரின் இடர்ப்பாடுகளைக் கணிக்கலாம் என்றார் ராபர்ட் லாடோ (1957). அது சற்று மிகையான நம்பிக்கை. கணித்த பிழைகள் பல வரவில்லை, கணிக்காதவை வந்தன.

ஒலியில் தாக்கம் பளிச்செனத் தெரியும். தமிழில் ககரம் சொல்முதலில் அதிர்வின்றியும் மெல்லினத்தை அடுத்து அதிர்வோடும் ஒலிக்கும், பொருள் மாறாது. இந்தியில் மாறும். உணவுக்கும் பாட்டுக்குமான இந்திச் சொற்கள் தமிழர் வாயில் ‘கானா’ என ஒன்றாகிவிடலாம். தமிழ் எழுத்தும் அங்கே கைவிரிக்கும். பேச்சுத் தமிழில் ‘ஸ்கூல்’ ‘இஸ்கூல்’ ஆவது, சொல்முதலில் மெய்க்கூட்டத்தைத் தமிழ் ஏற்காததால். ஸ்பானியரும் ஆங்கிலம் பேசுகையில் இவ்வாறே முன்னால் ஓர் உயிரொலி சேர்ப்பதுண்டு.