தூளைச் செலவிடும் காலம்: போக்கிமான் கோவில் ஒரு வழக்கத்தின் வரலாறு

கைப்பேசி விளையாட்டுகளின் வரலாறு பெரும்பாலும் பதிவிறக்க எண்ணிக்கைகளையும் வருவாய்க் கணக்குகளையும் கொண்டே எழுதப்படுவதால், அவற்றை ஆண்டுக்கணக்கில் ஆடியவர்களிடையே மெல்ல மெல்ல உருவான வழக்கங்கள் ஏட்டில் ஏறாமலே போய்விடுகின்றன. 2016 ஜூலை 6 அன்று அமெரிக்கா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய நாடுகளில் வெளிவந்த ‘போக்கிமான் கோ’ விளையாட்டில் அத்தகைய வழக்கம் ஒன்று உண்டு. சேர்த்துவைத்த வளத்தை எந்த உயிரின் மீது, எந்த நாளில், எந்த அளவு வரை செலவிடுவது என்ற முடிவைச் சுற்றி வளர்ந்த அவ்வழக்கம், விதிகள் மாறிய ஒவ்வொரு முறையும் உடைந்து வேறு வடிவில் மீண்டும் கூடியது. ஆடுவோர் சிக்கனத்தால் அவ்வளமான தூளைச் சேர்த்தார்கள் என்று பொதுவாகக் கருதப்பட்டாலும், அந்த உடைவுகளை வரிசையாக நோக்கும்போது, நாளை எது மதிப்புப் பெறும் என்பதை அறிய இயலாத நிலையில் இன்றைய உழைப்பைக் காத்துக்கொள்ளும் ஒரு முறையாகவே அச்சேமிப்பு வளர்ந்தது என்பது தெளிவாகிறது.

1996 பிப்ரவரியில் ஜப்பானில் கேம் பாய் கருவிக்காக வெளிவந்த முதல் போக்கிமான் விளையாட்டுகளில் இந்தச் சிக்கல் ஏறத்தாழ இல்லை எனலாம். சண்டையில் ஈடுபடும் உயிர் அச்சண்டையின் அனுபவத்தாலேயே வளர்ந்ததால், ஆடுபவர் செலவிட்டது நேரத்தை மட்டுமே. ஒரு மட்டம் உயர்த்தும் அரிய மிட்டாய்கள் இருந்தாலும் அவை இன்றியமையாதவையாக இருக்கவில்லை. 2012 இல் ஜப்பானின் கங்ஹோ நிறுவனம் வெளியிட்ட ‘பசில் அண்ட் டிராகன்ஸ்’, ஓர் உயிரை வளர்க்க மற்ற உயிர்களை அதற்கு இரையாக்கி, கூடவே நாணயங்களையும் கொடுக்கும் முறையைக் கைப்பேசியில் பரவலாக்கியபோதுதான், வளர்ச்சி என்பது அனுபவத்தின் விளைவு என்ற நிலை மாறி, கையிருப்பிலிருந்து கழிக்கப்படும் செலவாக ஆனது. சான் பிரான்சிஸ்கோவின் நயாண்டிக் நிறுவனம் போக்கிமானைக் கைப்பேசிக்குக் கொண்டுவந்தபோது, கேம் பாய் விளையாட்டின் உயிர்களுக்கு இந்தப் புதிய கணக்குமுறையைப் பொருத்தியது.

அக்கணக்குமுறையில் இரு வளங்கள் அடிப்படையானவை. ‘கேண்டி’ எனப்படும் மிட்டாய் ஒவ்வோர் இனத்துக்கும் தனித்தனியானது. ஓர் இனத்தின் மிட்டாயை அந்த இனத்துக்கும் அதன் உருமாற்றங்களுக்கும் மட்டுமே பயன்படுத்த இயலும். ‘ஸ்டார்டஸ்ட்’ எனப்படும் விண்மீன் தூளோ எல்லா இனங்களுக்கும் பொதுவானது. சாதாரண உயிர் ஒன்றைப் பிடித்தால் 100 தூள் கிடைக்கும். அதைக் கொடுத்து, உரிய மிட்டாயையும் சேர்த்து, கையிலுள்ள உயிரை அரை மட்டம் உயர்த்துவதே ‘பவர் அப்’ எனும் வலுவூட்டல் ஆகும். வேண்டாத உயிரை விளையாட்டில் வரும் பேராசிரியரிடம் அனுப்பிவிட்டால் ஒரு மிட்டாய் திரும்பக் கிடைக்குமேயன்றி, அதன் மீது செலவிட்ட தூளில் ஒரு துகளும் திரும்பாது. தூள் காசு கொடுத்து நேரடியாக வாங்கும் பொருளாகத் தொடக்கத்திலிருந்தே வைக்கப்படவில்லை என்பதையும் சேர்த்துப் பார்த்தால், ஒருவரின் கையிருப்பிலுள்ள தூள் அவர் நடந்த தெருக்களையும் பிடித்த உயிர்களையும் அளவிடும் பதிவாகவே அமைந்துவிட்டது. முதல் மட்டத்திலிருந்து 40 ஆம் மட்டம் வரை ஓர் உயிரை உயர்த்த 2,70,000 தூள் தேவை; 100 வீதம் சேர்த்தால் அது 2,700 உயிர்களைப் பிடிக்கும் உழைப்பாகும்.

முதல் மாதங்களில் ஆடியவர்கள் இதை உணரவில்லை. பிடித்த உயிருக்கெல்லாம் தூளைக் கொட்டி, அதன் ‘சி.பி.’ எனப்படும் போர்த்திறன் எண் ஏறுவதைக் கண்டு மகிழ்வதே அப்போதைய நடைமுறையாக இருந்தது. ஆனால் காட்டில் தோன்றும் உயிர்களின் மட்டம், ஆடுபவரின் மட்டம் உயர உயர, 30 ஆம் மட்டம் வரை தானும் உயரக்கூடியதாக அமைக்கப்பட்டிருந்தது. 45,000 தூள் செலவிட்டு முதல் மட்டத்திலிருந்து 20 வரை கொண்டுவந்த ஓர் உயிருக்கு நிகரானதைச் சில வாரங்கள் கழித்து இலவசமாகவே பிடித்துக்கொள்ளலாம் என்ற உண்மை பரவியபோதுதான், தாழ்ந்த மட்டத்தில் இருக்கும்போது தூளைத் தொடக்கூடாது என்ற முதல் விதி பிறந்தது. ஒவ்வோர் உயிருக்கும் தாக்குதல், தற்காப்பு, உடல்வலு ஆகிய மூன்றிலும் 0 முதல் 15 வரை மறைவான பிறவி மதிப்புகள் உண்டு என்ற கண்டுபிடிப்பு அவ்விதியை மேலும் வலுப்படுத்தியது. ஆகஸ்ட் மாதத்தில் விளையாட்டில் வரும் அணித்தலைவர்கள் வாயிலாக அம்மதிப்புகளைத் தோராயமாகச் சொல்லும் வசதியை நிறுவனமே அளித்தது. மதிப்பறியாமல் செலவிடுவது வீண் என்பது அதன் பின்னர் பொது அறிவாயிற்று.

எனினும் அறிந்து செலவிட்டவர்களும் காக்கப்படவில்லை. தொடக்கக் காலத்தில், உயிர்களைக் காவலுக்கு நிறுத்தும் களங்களான ஜிம்கள் எல்லாவற்றிலும் அமர்ந்திருந்த வேபோரியானின் தாக்குதல் ஜூலை மாத இறுதியிலேயே குறைக்கப்பட்டது. நவம்பரில் போர்த்திறன் கணக்கிடும் முறையே மாற்றப்பட்டு, அதுவரை பலர் பொருட்படுத்தாத ரைடான், அலகசாம், ஜெங்கார் போன்றவை மேலே ஏறின. விளையாட்டை உருவாக்கியவர்கள் ஒரே நாளில் மதிப்பை மாற்றியமைக்கக்கூடும் என்பதை ஆடுவோர் முதன்முதலாகக் கற்றது அந்த ஆண்டில்தான்.

அக்காலத்துச் செலவுக்கு ஒரு நியாயமும் இருந்தது என்பதைக் குறிப்பிடாமல் விடுவது சரியாகாது. பழைய ஜிம் முறையில், ஒரு ஜிம்மில் காவலுக்கு நிற்கும் உயிர் ஒவ்வொன்றுக்கும் 21 மணி நேரத்துக்கு ஒருமுறை 10 நாணயங்களும் 500 தூளும் வழங்கப்பட்டன. பத்து ஜிம்களில் உயிர்களை நிறுத்தியவர் ஒரே முறையில் 5,000 தூள் ஈட்டினார். வலுவூட்டப்பட்ட உயிரை எளிதில் வீழ்த்த முடியாது என்பதால், செலவிட்ட தூளே மேலும் தூளை ஈட்டித்தரும் முதலீடாக இருந்தது. 2017 ஜூனில் ஜிம்கள் மாற்றியமைக்கப்பட்டபோது காவலுக்கான தூள் நீக்கப்பட்டதுடன், 3,000க்கு மேற்பட்ட போர்த்திறன் உடையவை விரைவாகச் சோர்ந்துபோகும் விதியும் வந்ததால், அம்முதலீடு அத்தோடு முடிவுற்றது.

இந்தியாவில் இவ்விளையாட்டு 2016 டிசம்பர் 14 அன்று ரிலையன்ஸ் ஜியோவுடன் இணைந்து வெளியிடப்பட்டதால், தமிழ்நாட்டில் முறைப்படி அப்போது தொடங்கியவர்கள் முதல் ஐந்து மாதங்களின் இழப்புகளைத் தாங்களே பட்டறிய வேண்டியிருக்கவில்லை. பிறர் வகுத்த விதிகள் அவர்களுக்கு ஆயத்தமாகவே கிடைத்தன. ஆனால் அத்தாமதத்தின் விலை 2018 இல்தான் தெரியவந்தது.

மாற்றியமைக்கப்பட்ட ஜிம்களுடன் 2017 ஜூனில் அறிமுகமான ‘ரெய்டு’, அதாவது ஒரு பெரும் உயிரைப் பலர் கூடிக் குறித்த நேரத்துக்குள் வீழ்த்தும் போர், இவ்வழக்கத்தின் வரலாற்றில் மிக முக்கியமான திருப்பமாகும். ஒரே ஓர் உயிரின் பேரெண்ணைக் காட்டிப் பெருமைகொள்வது பயனற்றதாகி, எதிரியின் பலவீனத்துக்கு ஏற்ற ஆறு உயிர்கள் கொண்ட அணி தேவைப்பட்டது. டைரானிடாரை வீழ்த்த மச்சாம்ப் வேண்டும் என்றால், ஒரு மச்சாம்ப் போதாது. இந்நிலையில்தான் ஆடுவோர் வலுவூட்டலின் வளைகோட்டைக் கூர்ந்து ஆராய்ந்தனர். உயிரின் அடிப்படைத் திறன்களைப் பெருக்கும் எண் 20 ஆம் மட்டத்தில் 0.5974 ஆகவும், 30 இல் 0.7317 ஆகவும், 40 இல் 0.7903 ஆகவும் இருந்தது. 20 இலிருந்து 30 வரையிலான ஏற்றத்துக்கு 75,000 தூள் செலவாகித் திறன் 22 விழுக்காட்டுக்கு மேல் உயர்கையில், 30 இலிருந்து 40 வரையிலான ஏற்றத்துக்கு அதைப்போல் இருமடங்காக 1,50,000 தூள் செலவாகியும் 8 விழுக்காடே உயர்ந்தது. ரெய்டில் வென்று பிடிக்கும் உயிர் பொதுவாக 20 ஆம் மட்டத்திலேயே கிடைத்ததால், ஒன்றை 40 வரை கொண்டுசெல்லும் 2,25,000 தூளைக் கொண்டு மூன்று உயிர்களை 30 வரை உயர்த்திவிடலாம் என்ற கணக்கு எவருக்கும் புரியும்படி இருந்தது. முப்பதில் நிறுத்து என்ற விதி இவ்வாறு நிலைபெற்றது. இந்த விளையாட்டின் ஆடுவோர் கண்டடைந்த விதிகளுள் இதுவே மிகவும் முதிர்ந்தது என்று கொள்ளத் தகும். ஏனெனில் மற்ற விதிகள் பொறுத்திரு என்று மட்டுமே சொல்ல, இது எவ்வளவு செலவிட வேண்டும் என்பதையும் சொன்னது. தூளைக் குவித்துவைத்து ஒன்றையும் வளர்க்காதவர் ரெய்டில் பிறரின் உழைப்பிலேயே வென்றார் என்பதால், சேமிப்புக்கும் ஓர் எல்லை தேவைப்பட்டது.

மிட்டாயைப் பொறுத்தவரை பொறுமையைக் கற்பித்தது 2018 ஜனவரியில் தொடங்கிய ‘கம்யூனிட்டி டே’ எனும் மாதாந்திர நிகழ்வாகும். குறித்த மூன்று மணி நேரத்தையொட்டி உருமாற்றப்படும் உயிருக்கு, சாதாரண நாள்களில் கிடைக்காத ஒரு சிறப்புத் தாக்குதல் வழங்கப்பட்டதால், நல்ல பிறவி மதிப்புள்ள உயிரை உருமாற்றாமல் வைத்திருப்பதே அறிவுடைமை என்றாகியது. அவ்வாண்டு அக்டோபரில் பெல்டமின் முறை வந்து, அதன் இறுதி உருமாற்றமான மெட்டாகிராஸ் ‘மீட்டியர் மாஷ்’ தாக்குதலைப் பெற்றபோது, அதுவரை சாதாரணமாக இருந்த உயிர் எஃகு வகையின் தலைசிறந்த தாக்குநராக மாறியது. முன்பே தங்கள் பெல்டமை மெட்டாகிராஸாக உருமாற்றி முழுதாக வலுவூட்டியவர்கள் அத்தாக்குதலின்றி நின்றனர். அதைப் பின்னர் கற்பிக்க வழிசெய்யும் ‘எலைட் டி.எம்.’ 2020 இல்தான் வந்தது.

அதே 2018 இல் உயிர்களைப் பரிமாறிக்கொள்ளும் வசதியும், பரிமாற்றத்தில் சில உயிர்கள் ‘லக்கி’ ஆகி, வலுவூட்டப் பாதித் தூளே போதும் என்ற நிலையை அடையும் முறையும் வந்தன. உயிர் எவ்வளவு பழையதோ அவ்வளவுக்கு அந்த வாய்ப்பு அதிகம் என்பதோடு, 2016 ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் பிடிக்கப்பட்டவற்றுக்கு, வரையறுத்த எண்ணிக்கைக்குள், அது உறுதியாகவே கிடைத்தது. குப்பையென ஒதுக்கப்பட்ட முதற்கோடைக் கால உயிர்கள் இதனால் மதிப்புப் பெற்றன. 2016 டிசம்பரில் முறைப்படி தொடங்கிய இந்திய ஆட்டக்காரர்களுக்கோ, அத்தகைய பழையவற்றைப் பிறரிடமிருந்து பெறுவதன்றி வேறு வழி இருக்கவில்லை.

2018 டிசம்பரில் வந்த ஆட்டக்காரர்களுக்கிடையேயான போட்டி, பிறவி மதிப்பு குறித்த எண்ணத்தையே புரட்டிப்போட்டது. ‘கிரேட் லீக்’ 1,500 போர்த்திறனையும் ‘அல்ட்ரா லீக்’ 2,500 ஐயும் உச்சவரம்பாகக் கொண்டிருந்தன. போர்த்திறன் கணக்கில் தாக்குதல் முழுமையாகவும், தற்காப்பும் உடல்வலுவும் அவற்றின் வர்க்கமூல அளவிலும் சேர்வதால், குறைந்த தாக்குதலும் நிறைந்த தற்காப்பும் கொண்ட உயிரே அவ்வரம்புக்குள் மேலான மட்டத்தை எட்டி, மொத்தத்தில் வலுவானதாயிற்று. மூன்றும் 15 ஆக உள்ளதைத் தேடி, தாக்குதல் குறைந்தவற்றை ஈராண்டுகளாகப் பேராசிரியரிடம் அனுப்பிவந்தவர்கள், தாங்கள் அனுப்பியவற்றையே மீண்டும் தேடத் தொடங்கினர். இரண்டாவது வலுத் தாக்குதலைத் திறக்க இனத்துக்கேற்ப 10,000 முதல் 1,00,000 வரை தூள் கேட்கப்பட்டதால், தூளுக்கு இன்னொரு பெருஞ்செலவும் சேர்ந்தது.

2019 ஜூலையில் ‘டீம் கோ ராக்கெட்’ கூட்டத்திடமிருந்து மீட்கப்படும் நிழல் உயிர்கள் வந்தபோது, அவற்றை வலுவூட்டக் கூடுதல் செலவும், நிழல் நீக்கித் தூய்மைப்படுத்தியவற்றுக்கு 10 விழுக்காடு தள்ளுபடியும் இருந்ததால், தூய்மைப்படுத்துவதே ஆதாயம் என்று கருதப்பட்டது. 2020 இன் தொடக்கத்தில் நிழல் உயிர்களின் தாக்குதல் 20 விழுக்காடு உயர்த்தப்பட்டு, அவை விளையாட்டின் மிகச் சிறந்த தாக்குநர்களாயின. தூய்மைப்படுத்தியதைப் பழைய நிலைக்குத் திருப்ப வழியில்லை. பயனற்றதாகத் தோன்றுவதையும் தொடாமல் வைத்திருக்கும் பழக்கம் பலரிடம் வேரூன்றியதற்கு இந்நிகழ்வு ஒரு பெருங்காரணமாகும்.

2020 நவம்பர் 30 அன்று ஆடுவோரின் உச்சமட்டம் 40 இலிருந்து 50 ஆக உயர்த்தப்பட்டு, ‘எக்ஸ்.எல். கேண்டி’ எனும் புதிய மிட்டாயும் அறிமுகமானது. ஓர் உயிரை அப்புதிய பத்து மட்டங்கள் உயர்த்த 2,50,000 தூளும் 296 எக்ஸ்.எல். மிட்டாய்களும் தேவைப்பட, திறன் உயர்வோ 6 விழுக்காட்டைச் சற்றே தாண்டியது. ரெய்டுக்காக ஆடுபவருக்கு முப்பதில் நிறுத்தும் விதி அப்போதும் செல்லுபடியானது. ஆனால் வரம்புள்ள போட்டிகளில் அவ்விதி தலைகீழானது. 40 ஆம் மட்டத்திலும் 1,500 போர்த்திறனை எட்டாத மெடிச்சாம், ஏறத்தாழ 50 வரை கொண்டுசெல்லப்பட்டபோது கிரேட் லீக்கின் முன்னணி உயிர்களுள் ஒன்றாக விளங்கியது. வலுவூட்டும் தூளின் அளவு இனத்தைப் பொறுத்தன்றி மட்டத்தைப் பொறுத்தே அமைவதால், முதல் மட்டத்திலிருந்து கணக்கிட்டால், அச்சிறு மெடிச்சாமுக்கும் பேராற்றல் வாய்ந்த மியூட்டூவுக்கும் ஆகும் செலவு ஒன்றே: 5,20,000 தூள்.